எம்.எல்.ஏ.வாக இருந்து உச்ச நீதிமன்றம் போன கிருஷ்ணய்யர்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கட்சியில் இருந்த வக்கீல் யாராவது நீதிபதியாகிறார் என்று செய்தி வந்தால் போதும், உடனே ஒருவர் "ஏன், கிருஷ்ணய்யர் ஆகவில்லையா?" என்று கேட்பார். 2023ல் பா.ஜ.க.வில் பொறுப்பு வகித்த ஒரு வழக்கறிஞர் மெட்ராஸ் உயர் நீதிமன்றத்துக்கு நியமிக்கப்பட்டு, அதை எதிர்த்துச் சிலர் உச்ச நீதிமன்றம் வரை போனபோதும் இந்தப் பெயர் நிறைய அடிபட்டது. பெயரைச் சொல்கிற அளவுக்கு அவர் வாழ்க்கையை யாரும் சொல்வதில்லை என்பது என் ஆதங்கம். அதனால் என்னிடம் நண்பர்களும் ஜூனியர்களும் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்விகளையும் என் பதில்களையும் இங்கே ஒரே இடத்தில் வைக்கிறேன்.

யார் இவர்? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

வி.ஆர். கிருஷ்ணய்யர். தலச்சேரியில் வக்கீல், 1952ல் மெட்ராஸ் சட்டசபை உறுப்பினர், 1957ல் கேரளத்தின் முதல் மந்திரிசபையில் மந்திரி, 1968ல் கேரள உயர் நீதிமன்ற நீதிபதி, நடுவில் சட்ட ஆணைய உறுப்பினர், 1973 ஜூலை முதல் 1980 நவம்பர் வரை உச்ச நீதிமன்ற நீதிபதி. 2014 டிசம்பர் 4 அன்று கொச்சியில் காலமானார்.

அவர் தமிழரா, மலையாளியா?

பாலக்காட்டுத் தமிழ்க் குடும்பம். வைத்தியநாதபுரம் என்ற ஊர்தான் அந்த 'வி', அப்பா ராமய்யர்தான் அந்த 'ஆர்'. நம் ஊர் இனிஷியல் மாதிரியேதான். பாலக்காடு விக்டோரியா கல்லூரி, அப்புறம் சிதம்பரத்தில் அண்ணாமலைப் பல்கலைக்கழகம், அப்புறம் மெட்ராஸ் சட்டக் கல்லூரி என்று படித்தவர். ஆனால் தொழில், அரசியல், வாழ்க்கை எல்லாம் மலபாரில், மலையாளத்தில். அப்பாவும் வக்கீல்தான். கேரளத்தில் அவரைத் தங்கள் மனிதராகத்தான் பார்க்கிறார்கள், அது நியாயமும்கூட. இரண்டு பக்கமும் உரிமை கொண்டாடலாம், சண்டை வேண்டாம்.

கேரளாக்காரர் எப்படி மெட்ராஸ் சட்டசபைக்கு வந்தார்?

அப்போது மலபார் மாவட்டம் மெட்ராஸ் மாநிலத்தில் இருந்தது. 1952 தேர்தலில் 375 இடங்கள் கொண்ட அந்தப் பெரிய சட்டசபைக்குத் தமிழ், தெலுங்கு, மலையாளம், கன்னடம் பேசுகிற உறுப்பினர்கள் எல்லாம் வந்தார்கள். காங்கிரசுக்குப் பெரும்பான்மை கிடைக்காமல், ராஜாஜி முதலமைச்சரான சட்டசபை அது. கூத்துப்பறம்பு தொகுதியில் இருந்து சுயேச்சையாக ஜெயித்து அங்கே உட்கார்ந்தவர் கிருஷ்ணய்யர். 1956 நவம்பர் 1 அன்று மலபார் கேரளத்தோடு சேர்ந்ததும் அவருடைய மெட்ராஸ் அத்தியாயம் முடிந்தது. சென்னைக்காரர்களுக்குக்கூட இது பெரும்பாலும் தெரிவதில்லை.

கம்யூனிஸ்ட் கட்சி உறுப்பினராக இருந்தாரா?

கட்சி ஆதரவோடு நின்ற சுயேச்சை. 1957 கேரளத் தேர்தலில் 126 இடங்களில் கம்யூனிஸ்ட் கட்சிக்குக் கிடைத்தது 60, ஆதரவு சுயேச்சைகள் 5 பேர், ஆக 65. அந்த ஐந்து பேரில் தலச்சேரியில் ஜெயித்த இவரும் ஒருவர். அதாவது அந்த ஐந்து பேர் இல்லாமல் ஆட்சியே இல்லை. "கட்சி அட்டை இல்லையே, அப்புறம் என்ன?" என்று சிலர் இதை வைத்து வாதிடுவார்கள், எனக்கு அது பிடிக்காது. முதலமைச்சர் இ.எம்.எஸ். நம்பூதிரிபாடின் கம்யூனிஸ்ட் மந்திரிசபையில் மந்திரியாக இருந்தவரை அரசியல் சார்பில்லாதவர் என்று சொன்னால் அவரே ஒப்புக்கொண்டிருக்க மாட்டார். அவர் இடதுசாரிதான், அதை மறைத்ததும் இல்லை.

ஜெயிலுக்குப் போனவர் என்கிறார்களே, உண்மையா?

உண்மை. 1948ல், கம்யூனிஸ்டுகளுக்குச் சட்ட உதவி செய்தார் என்று சொல்லி ஏறக்குறைய ஒரு மாதம் உள்ளே வைத்தார்கள். விவசாயிகளுக்காகவும் தொழிலாளர்களுக்காகவும் கோர்ட்டில் நின்ற வக்கீல், அதுதான் குற்றம். ஒரு மாதம்தானே என்று தோன்றலாம். ஆனால் ஜெயில் சாப்பாடு எப்படி இருக்கும், வார்டர் எப்படிப் பேசுவார், பூட்டு எத்தனை மணிக்கு விழும் என்பதைக் கைதியாக இருந்து தெரிந்துகொண்ட உச்ச நீதிமன்ற நீதிபதிகள் எத்தனை பேர்? இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வரும்.

மந்திரியாக என்ன செய்தார்?

சட்டம், நீதி, உள்துறை, சிறை, மின்சாரம், நீர்ப்பாசனம் என்று பல துறைகள் அவர் கையில் இருந்தன. என்னைப் பொறுத்தவரை இதில் முக்கியம் இரண்டு. ஒன்று சிறை, பத்து வருஷத்துக்கு முன்னால் அவரையே உள்ளே வைத்த அமைப்பு இப்போது அவர் பொறுப்பில் வந்தது. இன்னொன்று ஏழைகளுக்கு சட்ட உதவி. வக்கீல் வைக்கக் காசு இல்லாதவனுக்கு அரசாங்கம் வக்கீல் வைத்துத் தர வேண்டும் என்பதை, நாடு முழுக்க அதற்கு ஒரு சட்டம் வருவதற்குப் பல வருஷங்கள் முன்பே, ஒரு சின்ன மாநிலத்தில் விதியாக எழுதி வைக்கப் பார்த்தார்கள். இன்றைக்கு ஒவ்வொரு கோர்ட் வளாகத்திலும் இருக்கிற இலவச சட்ட உதவி மையத்தைப் பார்க்கும்போது எனக்கு அந்தக் காலம்தான் ஞாபகம் வரும்.

அந்த ஆட்சி இரண்டேகால் வருஷம்தான் நடந்தது. கல்விச் சட்டம், நிலச் சீர்திருத்தம் இரண்டையும் எதிர்த்து 'விமோசன சமரம்' என்ற பெரிய கிளர்ச்சி வெடித்து, 1959 ஜூலை 31 அன்று 356வது பிரிவின்படி ஆட்சி கலைக்கப்பட்டது.

பதவி போன பிறகு?

மறுபடி கறுப்பு கோட். 1960 தேர்தலில் தலச்சேரியிலேயே நின்று மிகச் சொற்ப வாக்குகளில் தோற்றார். தேர்தல் வழக்குப் போட்டார், அது அவர் பக்கம் தீர்ப்பாகி 1961ல் மறுபடி எம்.எல்.ஏ. ஆனார். வாக்கு எண்ணிக்கையில் பறிபோன இடத்தைக் கோர்ட் திருப்பிக் கொடுத்தது. 1965ல் நின்றார், தோற்றார். அதோடு தேர்தல் அரசியல் முடிந்தது. மூன்று வருஷம் கழித்து உயர் நீதிமன்ற நீதிபதி.

எம்.எல்.ஏ.வாக இருந்தவர் நீதிபதியாக சட்டத்தில் இடம் இருக்கிறதா?

இருக்கிறது. அரசியல் சட்டத்தின் 217வது பிரிவு கேட்பது இந்தியக் குடியுரிமையும், பத்து வருஷம் உயர் நீதிமன்ற வழக்கறிஞராகவோ நீதித்துறைப் பதவியிலோ இருந்த அனுபவமும்தான். எம்.எல்.ஏ.வாக இருந்தது தகுதியும் ஆகாது, தடையும் ஆகாது. அரசியலை விட்டு இத்தனை வருஷம் கழிந்திருக்க வேண்டும் என்ற இடைவெளி விதி எதுவும் இல்லை. ஆனால் நீதிபதியான பிறகு எம்.எல்.ஏ.வாக நீடிக்க முடியாது, அது வேறு விஷயம்.

ஒன்றைச் சேர்த்துச் சொல்ல வேண்டும். அவர் காலத்தில் கொலீஜியம் (நீதிபதிகளைத் தேர்வு செய்யும் மூத்த நீதிபதிகள் குழு) கிடையாது, அது 1993 தீர்ப்புக்குப் பிறகு வந்தது. அப்போது தலைமை நீதிபதியைக் கலந்தாலோசித்து அரசாங்கம்தான் நியமிக்கும். அதனால் "ஆளுங்கட்சிக்கு வேண்டியவர்" என்ற சந்தேகத்துக்கு இன்றைவிட இடம் அதிகம்.

அப்போது எதிர்ப்பு வரவில்லையா?

வராமலா? 1973 ஏப்ரலில்தான் ஷெலத், ஹெக்டே, குரோவர் என்று மூன்று மூத்த நீதிபதிகளைத் தாண்டி ஏ.என். ரேயைத் தலைமை நீதிபதியாக்கினார் இந்திரா காந்தி. மூவரும் ராஜினாமா செய்தார்கள், வழக்கறிஞர் சங்கங்கள் கொதித்தன. அரசின் கொள்கைக்கு ஒத்துப்போகிற நீதிபதிகள் வேண்டும் என்று வெளிப்படையாகவே பேசப்பட்ட நேரம் அது. அதற்கு மூன்று மாதம் கழித்து ஒரு முன்னாள் இடதுசாரி மந்திரி உச்ச நீதிமன்றத்துக்கு வருகிறார் என்றால் என்ன நினைப்பார்கள்? வக்கீல்கள் பலர் எழுத்திலேயே எதிர்த்தார்கள். அவர்களில் சிலர் பின்னாளில் அவரைப் பெரிதாகக் கொண்டாடியவர்கள். ஆனாலும் 1973ல் அவர்கள் சந்தேகப்பட்டது தப்பே இல்லை என்பேன். அந்த நேரத்தில் நான் வக்கீலாக இருந்திருந்தால் நானும் கையெழுத்துப் போட்டிருப்பேன் என்றுதான் நினைக்கிறேன்.

இந்திரா காந்தி வழக்கில் அவர் சாதகமாக நடந்துகொண்டாரா?

இந்தக் கேள்விக்குத் தேதிகளோடு பதில் சொல்வதுதான் சரி. 1975 ஜூன் 12 அன்று ராஜ் நாராயண் போட்ட வழக்கில் இந்திரா காந்தியின் தேர்தல் செல்லாது என்று அலகாபாத் உயர் நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. உச்ச நீதிமன்றம் கோடை விடுமுறையில் இருந்தது, விடுமுறைக்கால நீதிபதி கிருஷ்ணய்யர். சட்ட மந்திரி கோகலே போன் செய்து நேரில் வந்து பார்க்க வேண்டும் என்றார். விஷயம் மேல்முறையீடு பற்றியது என்று தெரிந்ததும், வர வேண்டாம், மனுவைப் பதிவாளரிடம் தாக்கல் செய்யுங்கள், எடுத்துக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டார். இதைப் பிற்காலத்தில் அவரே சொல்லியிருக்கிறார்.

பிரதமருக்காக வாதாடியவர் பால்கிவாலா, எதிர்த்தரப்பில் சாந்தி பூஷண். ஜூன் 24 அன்று உத்தரவு. அலகாபாத் தீர்ப்புக்கு முழுத் தடை கொடுக்கவில்லை, நிபந்தனைத் தடைதான். பிரதமராக நீடிக்கலாம், நாடாளுமன்றத்தில் பேசலாம், ஆனால் உறுப்பினராக ஓட்டுப் போடக் கூடாது, உறுப்பினர் சம்பளம் வாங்கக் கூடாது. மறுநாள் இரவு நெருக்கடி நிலை வந்துவிட்டது.

முழுத் தடை மறுத்ததால்தான் நெருக்கடி நிலை வந்தது என்று ஒரு பக்கமும், பிரதமராக நீடிக்க விட்டதால்தான் வந்தது என்று இன்னொரு பக்கமும் இன்றுவரை குறை சொல்கிறார்கள். சாதாரண எம்.பி. ஒருவரின் தேர்தல் வழக்கில் வழக்கமாக என்ன உத்தரவு போடுவார்களோ, அதேதான் பிரதமருக்கும் என்று அவர் போட்டார். தன்னை நியமித்த அரசாங்கத்தின் தலைவிக்கு, நியமனமாகி இரண்டு வருஷத்துக்குள். எனக்கு அந்தப் போன் பேச்சு ஒன்றே போதும்.

சிறை பற்றிய தீர்ப்புகளில் என்ன விசேஷம்?

1948 கைதி, 1957 சிறை மந்திரி, 1978 நீதிபதி. இந்த மூன்றையும் ஒரு கோட்டில் வைத்துப் பாருங்கள்.

சுனில் பத்ரா என்ற மரண தண்டனைக் கைதி, திகார் சிறையில் தன்னைத் தனிக் கொட்டடியில் போட்டிருக்கிறார்கள் என்று வழக்குப் போட்டார். சார்லஸ் சோப்ராஜ் தனக்குக் காலில் இரும்புத் தண்டு விலங்கு போட்டிருப்பதை எதிர்த்தார். 1978ல் அரசியல் சாசன அமர்வு இரண்டையும் சேர்த்து விசாரித்தது, நீதிபதிகள் சிறைக்கே நேரில் போய்ப் பார்த்தார்கள். மரண தண்டனை விதித்த உடனேயே ஒருவரைத் தனிக் கொட்டடியில் அடைக்க 1894ஆம் வருஷத்துச் சிறைச் சட்டம் அதிகாரம் தரவில்லை, கைதியானதால் மனிதனுடைய அடிப்படை உரிமைகள் போய்விடுவதில்லை என்று தீர்ப்பு வந்தது. அப்புறம் அதே பத்ரா, பக்கத்தில் இருந்த இன்னொரு கைதியை வார்டர் சித்திரவதை செய்ததைப் பார்த்து உச்ச நீதிமன்ற நீதிபதிக்கு ஒரு கடிதம் எழுதினார். அந்தக் கடிதத்தையே மனுவாக எடுத்துக்கொண்டார்கள். வக்கீல் இல்லை, ஸ்டாம்ப் இல்லை, வெறும் கடிதம். பொதுநல வழக்கு என்று இன்று நாம் சாதாரணமாகச் சொல்கிற விஷயத்தின் ஆரம்பங்களில் இதுவும் ஒன்று.

1980ல் பிரேம் சங்கர் சுக்லா வழக்கு. விசாரணைக் கைதியைக் கோர்ட்டுக்கு அழைத்து வரும்போது கண்ணை மூடிக்கொண்டு கைவிலங்கு போடக் கூடாது, தப்பி ஓடுவார் என்பதற்குத் தெளிவான காரணம் வேண்டும், அதை எழுதியும் வைக்க வேண்டும் என்றார்.

ஜாமீன் பற்றி அவர் சொன்னது என்ன? அதைத்தான் எல்லாரும் மேற்கோள் காட்டுகிறார்களே.

அடிப்படை விதி ஜாமீன்தான், ஜெயில் அல்ல என்று 1977ல் பால்சந்த் வழக்கில் சொன்னார். மிகச் சின்னத் தீர்ப்பு அது. நான் அதைவிட அதிகமாக நேசிப்பது அடுத்த வருஷம் வந்த மோதி ராம் வழக்கை.

மோதி ராம் மத்தியப் பிரதேசத்தில் ஒரு ஏழைக் கொத்தனார். உச்ச நீதிமன்றமே ஜாமீன் கொடுத்துவிட்டது. ஆனால் மாஜிஸ்திரேட் பத்தாயிரம் ரூபாய்க்கு ஜாமீன்தாரர் வேண்டும் என்றார். 1978ல் பத்தாயிரம்! கொத்தனாரின் அண்ணனோ தம்பியோ ஜாமீன் நிற்க வந்தால், உன் சொத்து வேறு மாவட்டத்தில் இருக்கிறது, செல்லாது என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். மறுபடி உச்ச நீதிமன்றத்துக்கு ஓடி வந்தார் அவர். ஆயிரம் ரூபாய்க்குச் சொந்தப் பிணைப் பத்திரம் எழுதி வாங்கிக்கொண்டு விடுங்கள் என்று கிருஷ்ணய்யர் உத்தரவிட்டார். வேறு மாவட்டத்துக்காரர் என்பதற்காக ஜாமீன்தாரரைத் தள்ளினால், வடக்கே போய் மாட்டிக்கொண்ட தெற்கத்திக்காரன் என்ன செய்வான், அவனுக்கு அங்கே யார் நிற்பார்கள் என்று அந்தத் தீர்ப்பிலேயே கேட்கிறார். தீர்ப்பை முதல் முறை படித்தபோது அந்த இடத்தில் கொஞ்ச நேரம் அப்படியே நிறுத்திவிட்டேன்.

ஏன் என்றால், ஜூனியராக இருந்த காலத்தில் நான் தினம் பார்த்தது இதைத்தான். ஜாமீன் உத்தரவு கையில் இருக்கும், ஆனால் ரேஷன் கார்டும் வீட்டு வரி ரசீதும் எடுத்துக்கொண்டு வந்து நிற்க இரண்டு பேர் கிடைக்க மாட்டார்கள். வெளிமாநிலத்தில் இருந்து கட்டட வேலைக்கு வந்த ஒரு பையன், சில்லறைத் திருட்டு வழக்கு, ஜாமீன் கிடைத்து ஏழு வாரம் உள்ளேயே இருந்தான். அவனும் கொத்தனார் வேலைதான். மோதி ராம் தீர்ப்பைக் காட்டித்தான் கடைசியில் சொந்தப் பிணையில் வெளியே எடுத்தோம். 1978ல் எழுதியது இன்னமும் வேலை செய்கிறது, இன்னமும் தேவையாகவும் இருக்கிறது.

வேறு எந்தத் தீர்ப்புகளைத் தெரிந்துகொள்ள வேண்டும்?

ரத்லாம் நகராட்சி வழக்கு, 1980. திறந்த சாக்கடை, நாற்றம், கழிப்பிடம் இல்லாமல் மக்கள் தெருவோரத்தில் ஒதுங்க வேண்டிய நிலை. நிதி இல்லை என்றது நகராட்சி. நிதி இல்லை என்பது சாக்கு ஆகாது, சாக்கடையும் கழிப்பிடமும் கட்டித்தான் ஆக வேண்டும் என்றார். சாக்கடைக்காக உச்ச நீதிமன்றமா என்று கேட்பவர்கள் உண்டு. தொகுதி மக்களின் மனு வாங்கிப் பழகியவருக்கு அது சின்ன விஷயமாகத் தெரிந்திருக்காது.

முத்தம்மா வழக்கு, 1979. சி.பி. முத்தம்மா குடகுப் பெண், சென்னையில் படித்தவர், வெளியுறவுப் பணியில் சேர்ந்த முதல் பெண். பெண் அதிகாரி கல்யாணம் செய்துகொள்ள அரசின் எழுத்துப்பூர்வ அனுமதி வாங்க வேண்டும், குடும்பப் பொறுப்பு வேலைக்கு இடைஞ்சல் என்று அரசு நினைத்தால் ராஜினாமா செய்யச் சொல்லலாம் என்றெல்லாம் விதி இருந்தது. ஆண்களுக்கு அப்படி இல்லை. வழக்கு நடக்கும்போதே அரசு அவருக்குப் பதவி உயர்வு கொடுத்துவிட்டதால் மனு தள்ளுபடிதான் ஆனது, ஆனால் அந்த விதிகளைக் கிருஷ்ணய்யர் கிழித்த கிழி இருக்கிறதே, அதைப் படித்தே தீர வேண்டும்.

அப்புறம் ஷம்ஷேர் சிங் வழக்கு, 1974. ஆளுநர் மந்திரிசபையின் ஆலோசனைப்படிதான் நடக்க வேண்டும் என்பதை உறுதி செய்த ஏழு நீதிபதிகள் அமர்வு, அதில் நீதிபதி பகவதியோடு சேர்ந்து தனிக் கருத்து எழுதினார். தமிழ்நாட்டில் ஆளுநர் பிரச்சினை எழும்போதெல்லாம் இந்தத் தீர்ப்பு வெளியே வரும். எழுதியவர், டெல்லி கலைத்த ஒரு மந்திரிசபையில் இருந்தவர்.

அவர் சொல்லி நிற்காமல் போன தீர்ப்பு இருக்கிறதா?

உண்டு. 1979ல் ராஜேந்திர பிரசாத் வழக்கில் மரண தண்டனையை மிகமிகக் குறுக்கப் பார்த்தார். அதே அமர்வில் இருந்த நீதிபதி ஏ.பி. சென் மாறுபட்டார். அடுத்த வருஷமே பச்சன் சிங் வழக்கில் அரசியல் சாசன அமர்வு மரண தண்டனை செல்லும் என்று சொல்லி, அரிதினும் அரிதான வழக்கில் மட்டும் என்ற வரையறையோடு நிறுத்திக்கொண்டது. தொழிலாளர் சட்டத்தில் வரும் 'தொழில்' (industry) என்ற சொல்லுக்கு 1978 பெங்களூர் குடிநீர் வாரிய வழக்கில் அவர் கொடுத்த விரிந்த அர்த்தமும் ஓயாத சர்ச்சை, 2017ல் அதை ஒன்பது நீதிபதிகளுக்கு அனுப்பினார்கள்.

அவருடைய ஆங்கிலம் புரிவதே இல்லையே?

எனக்கும்தான். அகராதி பக்கத்தில் வேண்டும். ஏழைகளுக்காக எழுதியவர் ஏழைகளின் வக்கீல்களுக்காவது புரிகிற மாதிரி எழுதியிருக்கலாம் என்ற குறை எனக்கு உண்டு. முதல் தடவை படிக்கும்போது அலங்காரத்தைத் தாண்டி உத்தரவுப் பகுதியைக் கண்டுபிடியுங்கள், அங்கே எல்லாம் தெளிவாக இருக்கும்.

இவர் மாதிரி வேறு யாராவது உண்டா?

நிறைய. 1973ல் ஓரங்கட்டப்பட்டு ராஜினாமா செய்த மூவரில் ஒருவரான கே.எஸ். ஹெக்டேவே முன்னாள் காங்கிரஸ் மாநிலங்களவை உறுப்பினர்தான். அதே காங்கிரஸ் அரசை நீதிபதியாக எதிர்த்தார், பிறகு 1977ல் மக்களவைத் தலைவரானார். குமான்மல் லோதா ராஜஸ்தான் சட்டசபையில் ஜனசங்க உறுப்பினர், பிறகு உயர் நீதிமன்ற நீதிபதி, குவாஹாட்டியில் தலைமை நீதிபதி, ஓய்வுக்குப் பின் பா.ஜ.க. எம்.பி. பஹருல் இஸ்லாம் கதை எனக்கு உறுத்துகிற கதை. காங்கிரஸ் மாநிலங்களவை உறுப்பினராக இருந்தவர், உயர் நீதிமன்றம், ஓய்வு பெற்ற பிறகு உச்ச நீதிமன்றம், 1983 ஜனவரியில் பதவிக்காலம் முடியும் முன்பே ராஜினாமா, மறுபடி காங்கிரஸ் மாநிலங்களவை உறுப்பினர். கட்சியில் இருந்து வந்ததைவிட, கோர்ட்டில் இருந்து நேராகக் கட்சிக்குத் திரும்பியதுதான் எனக்கு ஏற்கமுடியவில்லை. அமெரிக்காவில் சாண்ட்ரா டே ஓ'கானர் அரிசோனா மாநில செனட்டில் பெரும்பான்மைக் கட்சித் தலைவராக இருந்து, மாநில நீதிபதியாகி, 1981ல் அந்நாட்டு உச்ச நீதிமன்றத்தின் முதல் பெண் நீதிபதி ஆனார்.

அப்படியானால் இன்றைய நியமனங்களை எதிர்க்கக் கூடாதா?

தாராளமாக எதிர்க்கலாம். கட்சியில் இருந்தார் என்பது மட்டும் காரணமாக இருந்தால் என் ஆதரவு கிடையாது. ஒரு மதத்தையோ சாதியையோ கேவலமாகப் பேசியவர் என்பது காரணமாக இருந்தால், அந்த மதத்துக்காரர் ஒருவர் நாளை கூண்டில் நின்று அவர் முகத்தைப் பார்க்க வேண்டும் இல்லையா? அது வேறு கேள்வி, அதற்குக் கிருஷ்ணய்யர் பெயரைக் கேடயமாகப் பிடிக்கக் கூடாது.

ஓய்வுக்குப் பிறகு அரசியலுக்குத் திரும்பினாரா?

1987ல் எதிர்க்கட்சிகளின் குடியரசுத் தலைவர் வேட்பாளராக நின்றார், ஆர். வெங்கட்ராமனிடம் தோற்றார். ஓய்வு பெற்று ஏழு வருஷம் கழித்து, தோல்வி நிச்சயம் என்று தெரிந்த போட்டி. மற்றபடி கொச்சியில் வீட்டில் இருந்து எழுதினார், பேசினார், கதவைத் தட்டியவர்களுக்கெல்லாம் நேரம் கொடுத்தார். 2002 குஜராத் கலவரம் பற்றி விசாரித்த மக்கள் குழுவுக்குத் தலைமை தாங்கினார். 2013ல் நரேந்திர மோடி பிரதமர் வேட்பாளரானதை ஆதரித்து எழுதினார், அவரை நேசித்த பலருக்கு அது புரியவே இல்லை, எனக்கும் சேர்த்து.

எங்கிருந்து படிக்க ஆரம்பிக்கலாம்?

மோதி ராம். அப்புறம் முத்தம்மா, அது சின்னது, ஒரே உட்காரலில் முடியும். பத்ரா இரண்டும் நீளம், விடுமுறைக்கு வைத்துக்கொள்ளுங்கள். ஜூனியர்களுக்கு மட்டும் ஒன்று: மோதி ராம் தீர்ப்பை ஒரு நகல் எடுத்துக் கட்டோடு வைத்துக்கொள்ளுங்கள், ஜாமீன்தாரர் கிடைக்காத கட்சிக்காரர் அடுத்த வாரமே வருவார்.